ஈரத் துணியின் இரண்டு பக்கம்

துணிக்கு முன்பக்கம் இருந்தவர்களைச் சொல்கிறேன். படப்பெட்டியைக் கையால் சுற்றிய பங்குச் சாமியார். அவர் பக்கத்தில் நாற்காலி போட்டு எழுத்தர் ரபாயேல். முதல் பெஞ்சில் மில்லில் தறி மேஸ்திரி அந்தோணி. அவர் மகன் லூர்து. என் வீட்டுக்காரர் சவரிமுத்து. தரையில் மற்ற மில் ஆட்கள்.

துணிக்குப் பின்பக்கம் இருந்தவர்கள். மேஸ்திரியின் மனைவி செசில் அம்மாள், முக்காலி மேல். பாயில் என் நாத்தனார் பிலோமினா. மற்றப் பெண்கள். மடியில் குழந்தைகள்.

இரண்டு பக்கமும் இருந்தவள் நான் ஒருத்தி. இடுப்பில் குடம்.

இடம், பிரெஞ்சுக்காரர் ஆண்ட எங்கள் ஊரில் உப்பளம் என்ற பேட்டை, மாதா கோயில் பள்ளிக்கூடத்துக் கொட்டகை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். ஜன்னலுக்கெல்லாம் கோணி தொங்கவிட்டு இருட்டாக்கியிருந்தார்கள்.

பத்திரிகையில் நான் எழுதும் பழைய கதைகளெல்லாம் எந்த வருஷம் என்று கேட்டுச் சென்ற வாரம் ஒரு வாசகர் எழுதியிருந்தார். இது முப்பதுகளில் ஒரு வருஷம். எனக்கு வருஷம் நிற்பதில்லை. வெயில் அதிகமான வருஷம். அது நிற்கிறது.

குடம் எதற்கு

கோயிலில் ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். கொட்டகையிலும் அப்படியே இருக்க வேண்டும் என்று கோயில் பெரியவர்கள் சொன்னார்கள். இருட்டு வேறு. அதனால் படம் காட்டும் துணியையே நடுவில் சுவராகக் கட்டினார்கள். ஆண்கள் பெட்டி இருக்கும் பக்கம். பெண்கள் துணிக்குப் பின்னால்.

காய்ந்த துணியில் பின்னால் படம் தெரியாது. நனைத்தால் தெரியும். வெயிலுக்குத் துணி சீக்கிரம் காயும். பின்னாலிருந்து சத்தம் வரும். "தெரேசா, மங்குது, தண்ணி."

கிணறு ஆண்கள் வாசல் பக்கம். நான் அவர்கள் நடுவில் போய் மொண்டு வந்து, பெண்கள் பக்கத்திலிருந்து துணி மேல் வீசுவேன். யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். குடத்தோடு போகிறவளை யாரும் பெண்ணாகக் கணக்கில் எடுப்பதில்லை.

துணி எங்கள் மில் துணிதான். இரண்டு அகலம் சேர்த்துத் தைத்தது. நடுவில் தையல். படத்தில் யார் நடந்தாலும் அந்த இடத்தில் ஒருமுறை ஒடிந்து நிமிர்வார்கள்.

படம்

பேசாத படம். கப்பலேறிச் சீமைக்குத் திரும்பிய ஒரு கப்பித்தேன், பட்டாளத்து அதிகாரி, சாமியாரிடம் கொடுத்துவிட்டுப் போனது. ஊரில் அதற்குள் பேசும் படம் வந்துவிட்டது. அதற்குக் காசு. இது சும்மா.

மூன்று துண்டுப் படங்கள். எல்லோருக்கும் பிடித்தது ஒன்றுதான். ஒரு பருத்த புருஷன். ஒல்லியான மனைவி, வீட்டுக்குள்ளும் குல்லா. மாமியார் பெட்டியோடு வந்து இறங்குகிறாள். மனைவி சூப்பை மொண்டு புருஷன் தட்டில் ஊற்றுகிறாள். அவன் ஒரு வாய் வைத்துவிட்டு முகத்தைச் சுளிக்கிறான். அதே கரண்டியால் அவன் மண்டையில் ஒன்று. மேசை கவிழ்கிறது. சூப்பு முழுவதும் மாமியார் மடியில். கடைசியில் மூன்று பேரும் கட்டிப்பிடித்துக்கொள்வார்கள். அந்த இடத்தில் சாமியார் பெட்டியின் வாயைக் கையால் மூடிவிடுவார். அவர்கள் சமாதானம் ஆனது எங்களுக்குப் பல நாள் தெரியாது.

சாமியாருக்கே சிரிப்பு வந்தால் கை வேகமாகச் சுற்றும். அடியும் வேகமாக விழும்.

பழைய படம். மேலிருந்து கீழே கோடு கோடாக ஓடும். வீட்டுக்குள்ளேயே மழை. சீமையிலும் வீடு ஒழுகுகிறது என்று பெண்கள் பக்கம் கொஞ்சம் ஆறுதல்.

நடுநடுவே பிரெஞ்சில் எழுத்து வரும். முன்னால் ரபாயேல் அதைத் தமிழில் சொல்வார். புருஷன் குடித்துவிட்டுத் தள்ளாடி வந்தால், "கணவருக்குக் காய்ச்சல்" என்பார். மனைவி தலையில் அடித்துக்கொண்டால், "மனைவி செபம் செய்கிறாள்" என்பார். அப்படிச் சொல்லச் சொன்னது கோயில் பெரியவர்கள். பின்பக்கம் எழுத்து தலைகீழாக வருகிறதா, திரும்பி வருகிறதா என்று யாரும் பார்க்கவில்லை. எங்களுக்கு அது எப்படி வந்தாலும் ஒன்றுதான்.

வெந்த கை

பிலோமினாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவளுக்கும் மேஸ்திரி மகன் லூர்துக்கும் கல்யாணம் பேசியிருந்தது. நெல்லித்தோப்பில் ஓட்டு வீடு. பையன் தறியில் வேலை. மேஸ்திரியின் கீழ்தான் என் வீட்டுக்காரரும் வேலை செய்தார். நல்ல இடம்.

ஒரே ஒரு தொந்தரவு. பிலோமினாவுக்கு இடது கைப் பழக்கம். பெருக்குவது, அரைப்பது, சோறு போடுவது எல்லாம் அந்தக் கை. சின்ன வயதில் அடித்துப் பார்த்தார்கள். சூடு வைக்கப் போனார்கள். கை மாறவில்லை.

பெண் பார்க்க வந்தபோது என் வீட்டுக்காரர் அவளுடைய இடது கையில் துணி சுற்றிவிட்டார். சுடுகஞ்சி பட்டுவிட்டது என்றார். அவள் வலது கையால் காப்பி கொடுத்தாள். பாதி தட்டில். வெந்த வலியில் நடுங்குகிறாள் என்று நினைத்துக்கொண்டார்கள்.

அதன்பின் இரண்டு தடவை வந்தார்கள். இரண்டு தடவையும் கை வெந்திருந்தது. "அடுப்புகிட்ட கொஞ்சம் பாத்து இரு பொண்ணே" என்று செசில் அம்மாள் சொல்லிவிட்டுப் போனார்.

கோயிலில் முதல் ஓலை வாசித்தாகிவிட்டது. இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், தடை இருந்தால் சொல்லுங்கள் என்று மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். படம் பார்த்த அன்று காலையில் இரண்டாம் ஓலையும் ஆனது. மூன்றாவது பாக்கி. இரண்டு ஓலை வாசித்து நின்றுபோன பெண்ணை எங்கள் ஊரில் பிறகு யாரும் கேட்க மாட்டார்கள்.

சிரிப்பு

குல்லாக்காரி சூப்பு ஊற்றினாள். நான் அப்போது பின்பக்கம் தண்ணீர் வீசிவிட்டு நின்றிருந்தேன். பிலோமினா என் சேலையைப் பிடித்து இழுத்தாள்.

"அண்ணி, பாருங்க. என்னை மாதிரியே."

பின்பக்கத்திலிருந்து பார்த்தால் இடது கை. அவள் சிரித்துவிட்டாள். சத்தமாக. அவள் அப்படிச் சிரித்து நான் கேட்டதில்லை.

முக்காலியில் இருந்த செசில் அம்மாள் திரும்பிப் பார்த்தார்.

படம் முடிந்து எல்லோரும் வெளியே பூவரச மரத்தடிக்கு வந்தோம். செசில் அம்மாள் மேஸ்திரியிடம் நேராகப் போனார்.

"பாத்தீங்களா, இடது கையால போடுறா. கட்டுன புருஷனுக்கு."

"யாரு?"

"அந்தக் குல்லாக்காரிதான்."

"வலது கைடி. நான் முன்னால உக்காந்து பாத்தேன்."

"நான் என்னா, முதுகக் காட்டிக்கிட்டா உக்காந்திருந்தேன்?"

"கண்ண காட்டு ஆசுபத்திரியில."

"என் கண்ணு நல்லாத்தான் இருக்குது. ஒரு பொம்பள அடிச்சதுல ஒங்களுக்குத்தான் கலங்கிப்போச்சு."

பெண்கள் சிரித்தார்கள். மில் ஆட்கள் சிலரும் சிரித்தார்கள். மேஸ்திரிக்கு அது போதும். சிரித்தவர்கள் பக்கம் திரும்பினார்.

"சொல்லுங்கய்யா, எந்தக் கை?"

"வலது கை மேஸ்திரி" என்றார்கள். உண்மையும் அதுதான். ஆனால் உண்மைக்காகச் சொல்லவில்லை.

"சவரிமுத்து, நீ சொல்லு."

என் வீட்டுக்காரர் இந்தப் பக்கம் மேஸ்திரியைப் பார்த்தார். அந்தப் பக்கம் வருங்காலச் சம்பந்தி அம்மாளைப் பார்த்தார்.

"நான் அந்நேரம் பீடி பத்தவச்சிக்கினு இருந்தேன்" என்றார்.

செசில் அம்மாள் பிலோமினாவைக் காட்டினார். "இடது கையால போடறதப் பாத்து இது சிரிக்குது. என் காதால கேட்டேன். நாளைக்கு என் வூட்ல வந்து என்னா பண்ணுமோ."

புருஷனைக் கரண்டியால் அடித்ததைப் பற்றி ஒருவரும் பேசவில்லை. எந்தக் கை என்பதுதான் பேச்சு.

அந்த வாரம்

மில்லில் ஆண்கள் எல்லோரும் வலது கை. குழாயடியில் பெண்கள் எல்லோரும் இடது கை. சில வீடுகளில் புருஷனுக்குச் சோற்றைத் தட்டில் போட்டு எட்டவே வைத்துவிட்டார்கள்.

எழுத்தர் ரபாயேல் தெருவில் நின்று ஒரு தீர்ப்புச் சொன்னார். "பிரெஞ்சுச் சட்டத்துல இடது கையால பரிமாற இடமே இல்ல." அவரிடம் சட்டப் புத்தகம் இருந்தது. திறந்து யாரும் பார்த்ததில்லை.

அடுத்த ஞாயிறு பூசையில் ஓலை வாசித்தார் சாமியார். வேறு இரண்டு வீட்டு ஓலை. எங்கள் ஓலை இல்லை. செசில் அம்மாள் போய், "கொஞ்சம் பொறுங்க சாமி" என்று சொல்லியிருக்கிறார். எல்லோரும் எங்கள் முதுகைப் பார்த்தார்கள். முதுகில் பார்வை படுவது தெரியும்.

வீட்டுக்கு வந்ததும் பிலோமினா கேட்டாள். "நான் சிரிச்சது தப்பா அண்ணி?"

"சத்தமா சிரிச்சது தப்பு."

"ஒலகத்துல நான் ஒருத்திதான் இப்பிடின்னு நெனச்சிருந்தேன். சீமையில ஒருத்தி இருக்கா."

முன்பக்கமிருந்து நானும் பார்த்திருந்தேன். அந்தச் சீமைக்காரி வலது கைக்காரிதான். சொல்லவில்லை. இவளுக்கென்று ஒருத்தி கிடைத்திருக்கிறாள். ஈரத் துணியில்தான். இருக்கட்டும் என்று விட்டேன்.

இப்போது யோசித்தால், அந்த வாரமே சொல்லியிருக்கலாம். யாரும் என்னைக் கேட்கவும் இல்லை.

மறுபடியும் படம்

அன்று மத்தியானமே சாமியார் எல்லோரையும் கூப்பிட்டார். வெள்ளைக்காரச் சாமியார். பேசுவது புத்தகத் தமிழ்.

"படத்தை மீண்டும் காட்டுகிறேன். யாவரும் கவனமாகப் பார்த்துச் சொல்லுங்கள். இன்றோடு இந்தச் சண்டை முடிய வேண்டும்."

எல்லோரும் அவரவர் இடத்தில் போய் உட்கார்ந்தார்கள். ஆண்கள் முன்னால். பெண்கள் பின்னால். நான் துணியை நனைத்தேன். குல்லாக்காரி வந்தாள். சூப்பு ஊற்றினாள்.

"பாத்தீங்களா, இடது" என்று பின்னாலிருந்து செசில் அம்மாள்.

"நல்லாப் பாத்துக்க, வலது" என்று முன்னாலிருந்து மேஸ்திரி.

சாமியார் திருப்பிச் சுற்றி இன்னொரு தடவை காட்டினார். இன்னும் உறுதியாகச் சொன்னார்கள். முதலில் சந்தேகத்தில் இருந்த ஒன்றிரண்டு பேரும் தெளிந்துவிட்டார்கள்.

செசில் அம்மாள் முக்காலியை விட்டு எழுந்தார். "வேணாம் சாமி. பொய் சொல்ற ஊர்ல பொண்ணு எடுத்து என்னா ஆவப் போவுது. இந்த ஓலைய விட்டுடுங்க."

பிலோமினா பாயில் குனிந்துகொண்டாள். இடது கையைச் சேலைக்குள் வைத்திருந்தாள்.

குடத்தைக் கீழே வைத்தேன். துணிக்கு ஓரமாக வந்து நின்றேன்.

"சாமி, பக்கம் மாத்தி உக்காரச் சொல்லுங்க."

அந்த வாரம் வெளியாட்களிடம் நான் பேசியது அவ்வளவுதான். காரணம் சொல்லவில்லை. சொன்னால் நம்ப மாட்டார்கள். உட்கார்ந்தால்தான் தெரியும்.

கோயில் பெரியவர்கள் கூடாது என்றார்கள். ஆண் எப்படிப் பெண்கள் பக்கம் போவது. பெண் எப்படி இங்கே வருவது. பேசிக்கொண்டிருக்கும்போதே செசில் அம்மாள் முக்காலியைக் கையில் எடுத்துக்கொண்டு துணியைச் சுற்றி முன்பக்கம் வந்துவிட்டார். ஆண்கள் அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள், பெரிய சாமியாரான மேற்றிராணியார் வந்ததைப் போல.

"இப்ப நீங்க போங்க" என்றார் மேஸ்திரியிடம்.

மேஸ்திரி துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு பின்பக்கம் போனார். பெண்கள் முந்தானையை இழுத்துவிட்டு இடம் கொடுத்தார்கள். ஒருத்திக்குப் பழக்க தோஷம். "செத்த புடிங்க" என்று கைக்குழந்தையை அவர் மடியில் போட்டாள். மில்லில் முழுத் தறிப் பகுதியையும் மிரட்டும் மனிதர். குழந்தையை வாங்கி வைத்துக்கொண்டார்.

படம் ஓடியது. சூப்பு ஊற்றும் இடம் வந்தது. கொட்டகையில் பெட்டி சுற்றும் சத்தம் மட்டும்.

"வலது" என்றார் செசில் அம்மாள்.

"இடது" என்றார் மேஸ்திரி, துணிக்கு அந்தப் பக்கமிருந்து. "இதோ தெரியுதே, இடது."

இத்தோடு முடியும் என்று நினைத்தேன். இரண்டு பேரும் துணி ஓரத்தில் வந்து முகத்துக்கு முகம் நின்றார்கள்.

"வலது கைங்க. கண் முன்னால பாத்தேன்."

"இடது கைடி. கொழந்தைய வச்சிக்கினு பொய் சொல்வனா?"

ஆளுக்கொரு கையை மாற்றிக்கொண்டு அதே சண்டை. ஒரு வாரம் எதற்காகச் சண்டை போட்டோம் என்பது இரண்டு பேருக்கும் மறந்துவிட்டது.

லூர்து அதுவரை வாயே திறக்காத பையன். எழுந்து வந்து துணியின் மூலையைப் பிடித்துத் திருப்பிக் காட்டினான்.

"அப்பா, துணிக்கு முன்பக்கம் ஒண்ணு, பின்பக்கம் ஒண்ணு. தெனம் தறியில பாக்கறமே."

 அங்கே இருந்த மில் ஆட்கள் அத்தனை பேரும் துணி நெய்கிறவர்கள். கரை எந்தப் பக்கம், பூ எந்தப் பக்கம் என்று விரலால் தடவியே சொல்கிறவர்கள்.

சாமியார் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்தார். "நானும் படித்தவன்தான். எனக்கும் தோன்றவில்லை" என்றார்.

ரபாயேல், "நான் முன்னமே சொன்னேன்" என்றார்.

செசில் அம்மாள் முக்காலியைத் தூக்கிக்கொண்டார். "ரெண்டு பக்கமும் போய்ப் பாத்தவ நான் ஒருத்திதான். பாக்காதவங்க பேசக் கூடாது." மேஸ்திரியும் இரண்டு பக்கமும் பார்த்தவர்தான். குழந்தை அவர் மடியை நனைத்திருந்தது. அவர் வேட்டியைப் பிழிந்துகொண்டிருந்தார்.

என்னைச் செசில் அம்மாள் கணக்கில் சேர்க்கவில்லை. நானும் சேரப் போகவில்லை.

களிம்பு

கிணற்றடியில் குடத்தைக் கழுவிக்கொண்டிருந்தேன். லூர்து வந்து கயிற்றை இழுத்துக் கொடுத்தான்.

"அக்கா, ஒண்ணு கேக்கலாமா? மூணு தடவ வெந்த கை. கட்டு இல்லாம கோயில்ல பாத்தேன். ஒரு தழும்பு இல்லியே."

"நல்ல களிம்பு" என்றேன்.

வாளித் தண்ணீரைக் குடத்தில் ஊற்றினான். "கல்யாணத்துக்கு அப்புறம் அந்தக் களிம்பு வாங்காதீங்க. வேணாம்."

வாளியை வைத்துவிட்டுப் போய்விட்டான்.

பிலோமினா என்னோடு வீட்டுக்கு வந்தாள். வாசலில் நின்று கேட்டாள்.

"அப்ப அவ வலது கைக்காரியா அண்ணி?"

"ஆமா."

"பின்னால இருந்து பாத்தா இல்ல."

"இல்ல."

"நான் பின்னாலயே உக்காந்துக்கறேன்" என்றாள்.

அடுத்த ஞாயிறு மூன்றாம் ஓலை வாசித்தார்கள். தடை சொல்ல யாரும் எழுந்திருக்கவில்லை. செசில் அம்மாள் மட்டும் ஒருமுறை பின்னால் திரும்பி, யாராவது எழுந்திருக்கிறார்களா என்று பார்த்தார். எழுந்தால் விட்டிருக்க மாட்டார்.

இலை

கல்யாணத்துக்கு மறுநாள் நெல்லித்தோப்பில் மாப்பிள்ளை வீட்டு விருந்து. புதுப்பெண் தன் கையால் எல்லோருக்கும் சோறு போட வேண்டும். அது அவர்கள் வழக்கம்.

கையில் கட்டு இல்லை. களிம்பு வேண்டாம் என்று மாப்பிள்ளை சொல்லிவிட்டானே. பிலோமினா வலது கையில் கரண்டியைப் பிடித்தாள். முதல் இலை மேஸ்திரிக்கு. எப்படியோ விழுந்தது. இரண்டாவது இலை ரபாயேலுக்கு. சோறு இலைக்குப் போகவில்லை. சூடாக மடியில். அவர் துள்ளி எழுந்தார். புது வேட்டி.

பந்தியில் சிரிப்பு. பிலோமினா சிரிக்கவில்லை. என்னைப் பார்த்தாள். நான் ஒன்றும் ஜாடை காட்டவில்லை. லூர்துவைப் பார்த்தாள். அவன் ரபாயேலின் இலையைச் சரியாக இழுத்துப் போட்டான்.

அவள் கரண்டியை இடது கைக்கு மாற்றினாள். அதே இலையில் ஒரு கரண்டி போட்டாள். ஒரு பருக்கை வெளியே விழவில்லை.

எதிர்வரிசையில் கருவடிக்குப்பத்திலிருந்து வந்த உறவுக்காரி ஒருத்தி. "என்னா இது, இடது கையால போடுது?"

பந்தி முழுவதும் கை நின்றது. என் வீட்டுக்காரர் அவசரமாக ஒரு பீடியைத் தேடினார்.

செசில் அம்மாள் குழம்பு வாளியோடு நின்றிருந்தார். மருமகளின் கையைப் பார்த்தார். நிதானமாகப் பார்த்தார். மூன்று தடவை வெந்த கை அது என்று அவருக்கு அப்போதுதான் ஓடியிருக்க வேண்டும். முகம் மாறியது. ஓலை மூன்றும் வாசித்தாகிவிட்டது. தாலியும் ஏறிவிட்டது. தெரியாமல் எடுத்துவிட்டேன் என்று சொன்னால் ஏமாந்தது அவர். அவர் ஏமாறுகிறவர் இல்லை.

வாளியைக் கீழே வைத்தார்.

"நீ உக்காந்திருக்கிற பக்கம் அப்பிடித் தெரியும். எழுந்து இந்தப் பக்கம் வா."

உறவுக்காரி எழுந்தாள். எச்சில் கையோடு பந்தியைச் சுற்றி இந்தப் பக்கம் வந்தாள். பிலோமினாவின் கையைப் பார்த்தாள். பிறகு மேஸ்திரி மனைவியின் முகத்தைப் பார்த்தாள்.

"ஆமாக்கா. இங்கருந்து வலதுதான்" என்றாள்.

"போய்ச் சாப்புடு."

பிலோமினா அடுத்த இலைக்குப் போனாள். நான் சுவரோரம் தண்ணீர்க் குடத்தோடு நின்று, அந்தக் கையால் அவள் சோறு போட்ட இலைகளை எண்ணினேன்.

முப்பத்தேழு.